மேசை இழுப்பறையிலிருந்து வந்த நண்பன்



மாங்கா என்று சொன்னதும் நம்மில் பலருக்கு உப்பும் மிளகாய்த்தூளும்தான் நினைவுக்கு வரும். ஆனால் இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட மாங்கா மரத்தில் காய்ப்பதன்று, தாளில் காய்ப்பது. ஜப்பானியர் தங்கள் படக்கதைக்கு இட்ட பெயர் அது. அந்த நாட்டில் பள்ளிப் பிள்ளைகளுக்காகத் தோன்றி, அரை நூற்றாண்டைக் கடந்தும் வாடாமல் இருக்கும் ஒரு மாங்காவின் வரலாற்றைத்தான் இன்று காணப் போகிறோம். அதன் பெயர் டோரேமோன்.

மலேசியத் தொலைக்காட்சியில் மலாய் மொழி பேசிக்கொண்டு வந்த அந்த நீல நிறப் பூனையை அறியாத பிள்ளைகள் நம் வீடுகளில் குறைவு. வேலை முடிந்து களைத்து வந்த தகப்பனார், "எந்நேரமும் இந்தப் பூனைதானா? புத்தகத்தை எடு!" என்று அதட்டியதும் பல வீடுகளில் நடந்ததுதான். அதட்டியது தவறென்று நாம் சொல்ல வரவில்லை. ஆனால் அந்தப் பூனை எங்கிருந்து வந்தது, அதைப் பிள்ளைகள் ஏன் இப்படி நேசிக்கிறார்கள் என்று ஒருமுறை கேட்டுப் பார்ப்பது நல்லது. கேட்டால், அதன் பின்னால் இரண்டு சிறுவர்களின் உண்மையான நட்பு இருப்பது தெரியவரும்.

ஜப்பானின் மேற்குக் கடலோரத்தில் தோயாமா என்றொரு மாநிலம் உண்டு. பனி மிகுதியாகப் பெய்யும் பகுதி. அங்கே தக்கவோக்கா நகரில் 1933ஆம் ஆண்டு டிசம்பர் 1ஆம் நாள் ஹிரோஷி ஃபுஜிமோட்டோ பிறந்தார். மெலிந்த உடல், கூச்ச சுபாவம். விளையாட்டில் பின்தங்கி, முரட்டுப் பிள்ளைகளின் கேலிக்கு ஆளான பையன் அவர். அதே மாநிலத்தில் ஹிமி என்னும் ஊரில் 1934ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் நாள் மோட்டோ அபிக்கோ பிறந்தார். அவருடைய தந்தையார் ஒரு பௌத்தக் கோயிலின் தலைமைக் குரு. அபிக்கோ தொடக்கப் பள்ளியில் ஐந்தாம் வகுப்புப் படிக்கும்போது தந்தையார் காலமானார். கோயில் வீட்டில் இனித் தங்க இயலாது என்ற நிலை வந்தது. குடும்பம் தக்கவோக்கா நகருக்குக் குடிபெயர்ந்தது.

புதிய ஊர், புதிய பள்ளி, ஒருவரையும் தெரியாது. அபிக்கோ தம் குறிப்பேட்டில் ஏதோ படம் வரைந்துகொண்டு தனியே உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் வந்து எட்டிப் பார்த்த ஒரு பையன், படம் நன்றாக இருப்பதாகச் சொன்னான். அந்தப் பையன்தான் ஃபுஜிமோட்டோ. அவ்வளவுதான் தொடக்கம். அன்று முதல் இருவரும் சேர்ந்தே வரைந்தார்கள். அது போர்க்காலம். 1945 ஆகஸ்டில் பக்கத்துத் தோயாமா நகரம் விமானக் குண்டுகளால் எரிந்தது. அதே மாதத்தில் போரும் முடிந்தது. எல்லாவற்றிற்கும் தட்டுப்பாடு நிலவிய அந்த நாட்களில் அவர்களுக்குக் கிடைத்த பெருஞ்செல்வம் தாளும் பென்சிலும்.

1947இல் ஒசாமு தெசுக்கா என்னும் இளைஞர் வரைந்த 'புதிய புதையல் தீவு' என்ற படக்கதை நூல் வெளிவந்தது. பின்னாளில் ஜப்பானிய மாங்காவின் தந்தை என்று போற்றப்பட்டவர் அவர். அந்நூலைப் படித்த இரு சிறுவர்களும் நாமும் இப்படியே ஆவோம் என்று உறுதி பூண்டார்கள். தெசுக்காவுக்குக் கடிதம் எழுதினார்கள், பதிலும் வந்தது. 1951இல், பள்ளி மாணவர்களாக இருக்கும்போதே, அவர்கள் இருவரும் வரைந்த கதை சிறுவர் செய்தித்தாள் ஒன்றில் அச்சேறியது. ஃபுஜிமோட்டோ என்ற பெயரிலிருந்து 'ஃபுஜி', அபிக்கோ என்ற பெயரிலிருந்து 'கோ' ஆகியவற்றை எடுத்துச் சேர்த்து, பின்னர் 'ஃபுஜிக்கோ ஃபுஜியோ' என்று ஒரே புனைபெயரை வைத்துக்கொண்டார்கள். ஈருடல் ஓருயிர் என்பார்களே, இது இரு கை ஒரு பெயர்!

பள்ளிப் படிப்பு முடிந்ததும் அபிக்கோவுக்குச் செய்தித்தாள் அலுவலகத்தில் வேலை கிடைத்தது. மாதச் சம்பளம் வந்தது. ஃபுஜிமோட்டோ ஒரு மிட்டாய் நிறுவனத்தில் சேர்ந்து, சில நாட்களிலேயே விட்டுவிட்டு, வீட்டில் உட்கார்ந்து படம் வரையத் தொடங்கினார். தோக்கியோவுக்குப் போவோம் என்று அவர் அழைத்தபோது அபிக்கோ தயங்கினார். தந்தை இல்லாத குடும்பம், கையில் நிலையான வேலை. இதை விட்டுவிட்டுப் போவதா? நம் வீட்டில் ஒரு பையன் இப்படிக் கேட்டால் நாம் என்ன சொல்லியிருப்போம் என்று எண்ணிப் பாருங்கள். ஆயினும் நண்பனின் அழைப்பே வென்றது. 1954இல் இருவரும் தலைநகருக்குச் சென்றார்கள்.

முதலில் அவர்கள் தங்கிய அறை இரண்டு பாய் விரிக்கும் அளவு. அதாவது ஆறடிக்கு ஆறடி. அதில் இருவரும் படுக்க வேண்டும், வரையவும் வேண்டும். பின்னர் 'தோக்கிவாசோ' என்னும் மரக்கட்டட விடுதிக்கு மாறினார்கள். சமையலிடமும் கழிப்பிடமும் எல்லாருக்கும் பொது. லயத்து வீடுகளில் ஒரே குழாயடியில் வரிசை பிடித்து வாழ்ந்த நமக்கு அந்த வாழ்க்கை எப்படியிருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை. அங்கே அவர்களுக்குக் கிடைத்தது தெசுக்கா குடியிருந்து காலி செய்த அறை. தாம் கட்டியிருந்த முன்பணத்தையும், தாம் வரைந்த மேசையையும் இந்த இளைஞர்களுக்காக அவர் விட்டுச் சென்றார். இளம் ஓவியர் பலர் அந்த விடுதியில் கூடி வாழ்ந்து, ஒருவர் வேலைக்கு ஒருவர் கைகொடுத்து முன்னுக்கு வந்தார்கள். 1982இல் இடிக்கப்பட்ட அந்தக் கட்டடத்தைப் போலவே ஒன்றை மீண்டும் எழுப்பி, 2020இல் அருங்காட்சியகமாகத் திறந்திருக்கிறார்கள் என்றால், அந்நாட்டார் அதை எவ்வளவு மதிக்கிறார்கள் என்பது விளங்கும்.

வெற்றி உடனே வந்துவிடவில்லை. 1955ஆம் ஆண்டுப் புத்தாண்டுக்கு ஊருக்குச் சென்றவர்கள், ஒப்புக்கொண்ட வேலைகள் பலவற்றைக் குறித்த நாளில் முடிக்கவில்லை. பத்திரிகைகள் நம்பிக்கை இழந்தன. ஏறத்தாழ ஓராண்டுக் காலம் வேலை குறைந்து துன்பப்பட்டார்கள். அப்போதும் ஒருவர்மேல் ஒருவர் பழி போட்டுப் பிரியவில்லை. 1964இல் தொடங்கிய 'ஒபாக்கே நோ க்யூதாரோ' என்ற வேடிக்கைப் பேய்க்குட்டிக் கதை நாடெங்கும் பரவி அவர்களுக்குப் பெயர் வாங்கித் தந்தது. பிற்பாடு ஒவ்வொருவரும் தனித்தனியே கதை வரையத் தொடங்கியபோதும் பெயர் ஒன்றாகவே இருந்தது. டோரேமோனை வரைந்தவர் ஃபுஜிமோட்டோ. நம் பிள்ளைகள் அறிந்த 'நிஞ்ஜா ஹத்தோரி'யை வரைந்தவர் அபிக்கோ. ஆனால் இரண்டும் அன்று ஒரே பெயரில்தான் வெளிவந்தன.

இனி, டோரேமோன் பிறந்த கதைக்கு வருவோம்.

1969ஆம் ஆண்டின் இறுதி. ஷோகாக்குக்கான் என்னும் பதிப்பகம் ஒவ்வொரு வகுப்புப் பிள்ளைக்கும் தனித்தனி மாத இதழ் நடத்தி வந்தது. அவற்றில் அடுத்த மாதம் புதிய கதை தொடங்கும் என்று அறிவிப்பு வந்துவிட்டது. ஒரு பையன் வாய்பிளந்து நிற்கிறான், மேசையின் இழுப்பறையிலிருந்து எதுவோ பாய்ந்து வருகிறது என்று மட்டுமே படம் போட்டிருந்தார்கள். வருவது யார் என்று காட்டவில்லை. காரணம், அது ஃபுஜிமோட்டோவுக்கே தெரியாது! நாள் நெருங்கிவிட்டது, யோசனை ஒன்றும் தோன்றவில்லை. வீட்டில் அங்குமிங்கும் நடந்தவர், மகளின் பொம்மை ஒன்றில் கால் இடறினார். தள்ளினாலும் நிமிர்ந்து நிற்குமே, நம்மவர் தஞ்சாவூர்ப் பொம்மை என்கிறோமே, அந்த வகைப் பொம்மை. அந்த உருண்டை உருவமும், வீட்டுப்பக்கம் வரும் தெருப்பூனையின் நினைவும் ஒன்று சேர்ந்தன. தெருப்பூனைக்கு ஜப்பானிய மொழியில் 'டோரா நேக்கோ' என்று பெயர். பழங்கால ஆண் பெயர்களின் முடிவில் 'எமோன்' என்று வரும். இரண்டும் இணைந்து டோரேமோன் ஆயிற்று. 1970 ஜனவரி இதழ்களில், ஆறு பத்திரிகைகளில் ஒரே நேரத்தில், அந்தந்த வயதுப் பிள்ளைகளுக்கு ஏற்றபடி வேறுவேறாக வரையப்பட்டு அது வெளிவந்தது.

கதை இதுதான். நோபித்தா என்றொரு பையன். படிப்பில் முட்டை, ஓட்டத்தில் கடைசி, அழுகையில் முதல். அவனுக்கு ஒரு புத்தாண்டு நாளில், மேசை இழுப்பறையிலிருந்து, நம் வீடுகளில் லாச்சி என்கிறோமே, அதிலிருந்து எதிர்காலத்து எந்திரப் பூனை ஒன்று வந்து சேர்கிறது. அனுப்பியவன் நோபித்தாவின் எள்ளுப்பேரன். ஏன் அனுப்பினான்? நோபித்தா வளர்ந்து தொழில் தொடங்கி, அது எரிந்து போய், அவன் பட்ட கடன் நூறு ஆண்டுகளுக்குப் பின்னும் தீரவில்லையாம். அதனால் இந்தப் பிள்ளைக்குப் புத்தாண்டுக் கைக்காசாகக் கிடைத்தது வெறும் 50 யென்! பாட்டன் பட்ட கடன் பேரன் தலையில் விழும் கதை நமக்குப் புதிதா என்ன? சிரித்துக்கொண்டே படிக்கும் பிள்ளைக்கு, இன்று நாம் செய்வது நாளை வருபவரைத் தொடும் என்ற பாடம் ஓசையில்லாமல் உள்ளே போய்விடுகிறது.

வந்த பூனையும் உயர்ந்த சரக்கன்று. 2112 செப்டம்பர் 3ஆம் நாள் செய்யப்பட்டது என்று கதை சொல்லும் அந்த எந்திரம் குறையுள்ளது. காதுகளை எலி தின்றுவிட்டது. எலியைக் கண்டால் நடுங்கும். அதன் உயரம் 129.3 செண்டிமீட்டர். அக்காலத்து நான்காம் வகுப்புப் பிள்ளையின் சராசரி உயரம் அது. இதைக் கவனிக்க வேண்டும். அண்ணாந்து பார்க்கும் ஆசிரியனாகவும் அது வரவில்லை, குனிந்து பார்க்கும் வேலைக்காரனாகவும் வரவில்லை. கண்ணுக்கு நேர் கண் வைத்துப் பேசும் தோழனாக வந்தது.

அந்தக் காலத்து ஜப்பானையும் சற்று நினைத்துப் பார்க்க வேண்டும். போரில் சிதைந்த நாடு 1964இல் ஒலிம்பிக் விளையாட்டை நடத்தியது. 1968இல் பொதுவுடைமை சாராத நாடுகளுள் அமெரிக்காவுக்கு அடுத்த பொருளாதாரமாக உயர்ந்தது. தகப்பன்மார் இரவு வரை உழைத்தார்கள். பிள்ளைகளைத் தேர்வுப் போட்டி நெருக்கியது. நகரங்களில் எங்கு பார்த்தாலும் கட்டட வேலை. டோரேமோன் கதையில் பிள்ளைகள் கூடும் வெட்டவெளியில் மூன்று பெரிய சிமெண்டுக் குழாய்கள் அடுக்கியிருக்கும். கழிவுநீர்க் கால்வாய் வேலைக்காகக் கொண்டுவந்து போட்டவை போன்ற குழாய்கள் அவை. ஊர் முழுதும் முன்னேறி ஓடும்போது, ஓட முடியாத பிள்ளைக்கு யார் துணை? இந்தக் கேள்விக்கு விடையாகத்தான் அந்தப் பூனை வந்தது என்று நாம் கருதுகிறோம். நோபித்தா வேறு யாருமல்லன், சிறு வயதில் தாமேதான் என்று ஃபுஜிமோட்டோவும் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார்.

பூனையின் வயிற்றுப் பையிலிருந்து வரும் அதிசயப் பொருள்கள் பிள்ளைகளைக் கவர்ந்தன என்பது உண்மைதான். தலையில் செருகினால் பறக்க வைக்கும் மூங்கில் விசிறி, நினைத்த இடத்திற்குத் திறக்கும் கதவு, இப்படி எத்தனையோ. ஆனால் அவற்றின் முடிவைப் பாருங்கள். மனப்பாட ரொட்டி என்று ஒன்று. பாடப் புத்தகத்தின்மேல் அதை ஒற்றித் தின்றால் பாடம் மனத்தில் பதிந்துவிடும். நோபித்தா அளவுக்கு மீறித் தின்கிறான். வயிறு கலங்கிக் கழிப்பிடம் போகிறான். படித்ததெல்லாம் அங்கேயே போய்விடுகிறது! கருவி உதவும், ஆனால் நம் வேலையை அது செய்து தராது என்பதை இதைவிடச் சிரிக்கச் சிரிக்கச் சொல்ல முடியுமா?

அதே நேரத்தில் ஆசிரியர் நோபித்தாவை எங்கும் இழிவுபடுத்தவில்லை. இவனும் சிலவற்றில் வல்லவன். நூல் விளையாட்டில் அவனை மிஞ்ச ஆளில்லை. குறிபார்த்துச் சுடுவதிலும் அப்படியே. அவன் மனமும் ஈரமானது. ஒரு கதையில், இறந்துபோன பாட்டியைப் பார்க்க அவன் காலப் பயண எந்திரத்தில் பின்னோக்கிப் போகிறான். வளர்ந்த பேரனைக் கண்ட பாட்டி, நான்தான் உன் நோபித்தா என்று அவன் சொன்னதும் ஐயமின்றி நம்பிவிடுகிறாள். பேரன் பள்ளிப் பையைச் சுமப்பதைப் பார்க்க வேண்டும் என்பது அவள் ஆசை. ஓடிப்போய்ப் பையை எடுத்துவந்து மாட்டிக் காட்டுகிறான். பிள்ளை பள்ளிக்குப் போவதைப் பார்ப்பதற்காகவே விடியுமுன் வேலைக்குப் புறப்பட்ட பாட்டிமாரைக் கண்ட நமக்கு, இந்தக் காட்சி தொண்டையை அடைக்கிறது.

முரடன் ஜயானும் செல்வந்தன் சுனேயோவும் இவனை நாளெல்லாம் துன்புறுத்துகிறார்கள். என்றாலும் அவர்கள் பகைவர்கள் அல்லர், அதே தெருப் பிள்ளைகள். 1980 மார்ச்சில் வந்த முதல் முழுநீளத் திரைப்படம் தொட்டு, பேராபத்து வரும்போது அந்த ஜயானே முன்னால் நிற்பதைக் காண்கிறோம். ஷிசுக்கா என்னும் சிறுமி எப்போதும் அன்போடு நடத்துகிறாள். நல்லவன், கெட்டவன் என்று பிள்ளைகளைக் கோடு போட்டுப் பிரிக்காத கதை இது.

இந்த நட்பின் உச்சம் 1974 மார்ச் மாதம் மூன்றாம் வகுப்பு இதழில் வந்த ஒரு கதை. டோரேமோன் எதிர்காலத்திற்குத் திரும்பிப் போக வேண்டிய நிலை. தான் போனால் இவனுக்கு யார் துணை என்று அதற்கு உறக்கமில்லை. அன்றிரவு நோபித்தா ஜயானிடம் தனியே அகப்பட்டுக்கொள்கிறான். வழக்கமாக என்றால் டோரேமோனைக் கூவி அழைத்திருப்பான். அன்று அழைக்கவில்லை. அடிபட்டு விழுகிறான், எழுகிறான். மீண்டும் விழுகிறான், மீண்டும் எழுகிறான். நான் தனியாகவே வென்றால்தானே டோரேமோன் கவலையின்றிப் போக முடியும் என்பது அவன் எண்ணம். கடைசியில் ஜயானே சலித்துத் தோல்வியை ஒப்புக்கொண்டு போகிறான். உடம்பெல்லாம் காயத்தோடு கிடந்தவனைத் தாங்கி வீட்டுக்குக் கொண்டுவந்த டோரேமோன், படுக்கையருகே கண்ணீரோடு அமர்ந்திருக்கிறது. விடிந்ததும் அது அங்கே இல்லை.

தோட்டங்கள் துண்டாடி விற்கப்பட்ட காலத்தில், ஒரே லயத்தில் வளர்ந்த பிள்ளைகள் ஆளுக்கொரு திசையாய்ப் பிரிந்ததை நம்மில் பலர் கண்டிருக்கிறோம். லாரியில் சாமான் ஏற்றும்போது நண்பனின் முகத்தைப் பார்க்க முடியாமல் திரும்பிக்கொண்ட பிள்ளைக்கு இந்தக் கதை புரியும். உதவியைப் பெற்றுக்கொண்டே இருப்பது நட்பின் ஒரு பாதிதான். என்னைப் பற்றி நீ கவலைப்படாதே என்று சொல்லும் அளவுக்கு வளர்வது மறுபாதி. அந்த மறுபாதியை ஒரு சிறுவர் கதை சொல்லிக்காட்டியது.

அத்தோடு முடியவில்லை. ஜப்பானில் பள்ளி ஆண்டு ஏப்ரலில் தொடங்கும். மார்ச்சில் இதைப் படித்து அழுத மூன்றாம் வகுப்புப் பிள்ளை, ஏப்ரலில் நான்காம் வகுப்பு இதழை வாங்கினான். அதில் டோரேமோன் திரும்பி வந்தது! சொன்னதெல்லாம் பொய்யாகிவிடும் ஒரு மருந்தை நண்பனுக்கு உதவுமென்று அது விட்டுப் போயிருந்தது. அதைக் குடித்த நோபித்தா, டோரேமோன் இனி வரவே வராது என்று துயரத்தோடு சொல்ல, அச்சொல் பொய்யாகி, நண்பன் எதிரே வந்து நிற்கிறது. மகிழ்ச்சியே இல்லை என்று சொல்லி மகிழ்ச்சியில் அழுகிறான் நோபித்தா. புதிய வகுப்பில் காலெடுத்து வைத்த பிள்ளைகளுக்கு இதைவிடச் சிறந்த வரவேற்பு வேறென்ன?

1974 முதல் நூல்களாகத் தொகுக்கப்பட்டு 45 தொகுதிகள் வந்தன. ஃபுஜிமோட்டோ வரைந்த கதைகள் 1,300க்கும் மேல். 1973இல் வந்த முதல் தொலைக்காட்சித் தொடர் ஆறு மாதத்தில் நின்றது. 1979 ஏப்ரலில் மீண்டும் தொடங்கியது வேரூன்றியது. ஆசிய நாடுகள் பலவற்றிலும் அந்தப் பூனை குடியேறியது. வியட்நாமில் 1992 முதல் நூல்கள் பெருகின. 1996இல் அங்குச் சென்ற ஃபுஜிமோட்டோ, தமக்குச் சேர வேண்டிய உரிமைத் தொகையை வியட்நாமியப் பிள்ளைகளின் கல்விக்கே விட்டுக்கொடுத்தார். டோரேமோன் பெயரில் உதவி நிதி ஒன்று அமைந்தது. 2008இல் ஜப்பானிய அரசு டோரேமோனைத் தன் கலைத்தூதராக அறிவித்தது.

இரு நண்பர்களின் முடிவையும் சொல்ல வேண்டும். 1986இல் ஃபுஜிமோட்டோ நோயுற்றார். பிற்காலத்தில் எவர்க்கும் சிக்கல் நேராதிருக்க, 1988 ஜனவரியில் இருவரும் தொழிலைப் பிரித்துக்கொள்வதாக அறிவித்தனர். சண்டையில்லை, வழக்கில்லை. அந்தப் பொதுப் பெயரையும் இருவருமே விடவில்லை. ஒருவர் 'எஃப்', மற்றவர் 'ஏ' என்று ஆளுக்கோர் எழுத்தை மட்டும் சேர்த்துக்கொண்டார்கள். 1996 செப்டம்பர் 23ஆம் நாள், தம் 62ஆம் வயதில் ஃபுஜிமோட்டோ மறைந்தார். வரைந்துகொண்டிருந்த டோரேமோன் கதை பாதியில் நின்றது. அதை உதவியாளர்கள் முடித்து வைத்தார்கள். மறு ஆண்டு, தெசுக்காவின் பெயரால் நிறுவப்பட்ட பரிசின் முதல் தலைப்பரிசு டோரேமோனுக்கு வழங்கப்பட்டது. மேசையை விட்டுச் சென்ற ஆசானின் பெயரில் அந்தப் பரிசு! தங்கள் இளமை நட்பையே நெடுங்கதையாக வரைந்து வைத்த அபிக்கோ, 2022 ஏப்ரலில் 88ஆம் வயதில் காலமானார்.

நேயர்களே, எந்திரப் பூனை நம் வீட்டு லாச்சியிலிருந்து வரப்போவதில்லை. ஆனால் தந்தையை இழந்து புதிய பள்ளிக்கு வந்த பையனிடம், உன் படம் நன்றாக இருக்கிறது என்று சொல்ல ஒரு பிள்ளை இருந்தான். அதற்கு எந்திரமும் வேண்டியதில்லை, காசும் வேண்டியதில்லை. நம் பிள்ளை படிக்கும் வகுப்பிலும் கடைசி வாங்கில் ஒரு நோபித்தா உட்கார்ந்திருப்பான். இன்று மாலை பிள்ளை வீடு திரும்பியதும், எத்தனை புள்ளி வாங்கினாய் என்று கேட்பதோடு, தனியே இருந்த பிள்ளையிடம் பேசினாயா என்றும் ஒரு வார்த்தை கேட்போம். அந்தக் கேள்வி நம் பிள்ளைகளையும் நல்ல நண்பர்கள் ஆக்கும்.